ஒரே வேஷம், 25 வருஷம்: டேவிட் சூஷே அதுக்குள்ள மாட்டிக்காம இருந்தது எப்படி? ஒரு நிகழ்வு ஆய்வு

டிவி நடிகருங்களுக்கு வேலை கிடைக்காம போறது ஒரு பயம்னா, ஒரு வேஷம் ரொம்ப நல்லா ஓடிட்டு அதோட பேரு ஆயுசுக்கும் ஒட்டிக்கிறது இன்னொரு பயம். பிரிட்டிஷ் டிவியில இந்த ரெண்டாவது விஷயத்துக்கு டேவிட் சூஷேவை விட பெரிய கேஸ் எனக்குத் தெரிஞ்சு கிடையாது. அகதா கிறிஸ்டியோட துப்பறிவாளர் எர்க்யூல் புவாரோவா அவரு பிரிட்டன்ல ஐடிவிங்கிற சேனல்ல முதல்ல வந்தது 1989 ஜனவரி 8, கடைசியா வந்தது 2013 நவம்பர் 13. நடுவுல 13 சீசன், 70 எபிசோடு. இவ்வளவு நாள் ஒரே மீசை, ஒரே நடை, ஒரே பேச்சுன்னு இருந்த ஒருத்தர் வேற எதுலயும் எடுபட்டிருக்கக் கூடாது, அதான் வழக்கம். ஆனா அதே 25 வருஷத்துக்குள்ள அவரு மேடையில மோட்சார்ட் காலத்து இசையமைப்பாளர் சாலியேரி, டிவியில பத்திரிகை முதலாளி ராபர்ட் மேக்ஸ்வெல், ஆர்தர் மில்லர் நாடகத்துல அப்பா வேஷம்னு பண்ணிட்டு எல்லாத்துலயும் தனித்தனியா பேர் வாங்கினாரு.

இதை அதிர்ஷ்டம்னு சொல்லி விட்டுட முடியாது, வெறும் திறமைன்னும் முடிச்சிட முடியாது, ஏன்னா இவர் அளவுக்குத் திறமை இருந்தும் ஒரே வேஷத்துல காணாம போனவங்க நிறைய பேர். என்னோட கருத்து இதுதான்: சூஷே எந்தப் பாத்திரத்தையும் தன்னோட சொத்தா நினைக்கல, எழுதினவங்களோட சொத்தாத்தான் பார்த்தாரு, தன்னோட வேலை அதைப் பத்திரமா கொண்டுபோய் சேர்க்கிறது மட்டும்தான்னு நம்பினாரு. இந்த ஒரு நம்பிக்கை எப்படி அவரோட வேலை முறையா மாறுச்சுன்னு பார்த்தா மீதி எல்லாம் புரியும்.

ஆரம்பத்துலேர்ந்து வரலாம். 1946 மே 2, லண்டன்ல பிறந்தாரு. அப்பா ஜாக் சூஷே மகப்பேறு டாக்டர், தென்னாப்பிரிக்காவுலேர்ந்து வந்தவரு, பூர்வீகம் லிதுவேனியா பக்கம் யூதக் குடும்பம். அம்மா மேடை நடிகை. அம்மாவோட அப்பா ஜேம்ஸ் ஜார்ஷே அந்தக் காலத்து லண்டன் பத்திரிகை உலகத்துல பெரிய போட்டோகிராஃபர், பேரனுக்கு கேமரா பிடிக்கக் கத்துக் கொடுத்ததும் அவர்தான். அண்ணன் ஜான் சூஷே பின்னாடி ஐடிஎன்ங்கிற டிவி செய்தி நிறுவனத்துல செய்தி வாசிச்சு வீடு வீடா தெரிஞ்ச முகமாயிட்டாரு. தாத்தாவை இங்க சும்மா சொல்லல, ஒரு மனுஷனோட ஷூவுலேர்ந்து தொப்பி வரைக்கும் கவனிச்சுப் பார்க்குற பழக்கம் சூஷேகிட்ட இருக்கு, அது அந்தப் பக்கத்துலேர்ந்து வந்ததுன்னுதான் நான் நம்புறேன்.

லாம்டா நாடகப் பள்ளியில படிச்சு முடிச்சு 1969ல செஸ்டர் ஊர்ல கேட்வே தியேட்டர்ல தொழிலை ஆரம்பிச்சாரு. அதுக்கப்புறம் சில வருஷம் ஊர் ஊரா போய் சின்னச் சின்ன கம்பெனிகள்ல நடிப்பு, நடுநடுவுல வேலையே இல்லாத நாட்கள். அப்படி ஒரு சமயம் மாஸ் பிராஸ்னு கோட் சூட் வாடகைக்கு விடுற கடையில வேலை பார்த்தாரு, அங்கேயே நிரந்தரமா தங்கிடலாமான்னு யோசிக்கிற நிலைமை கூட வந்துச்சு. 1976ல கல்யாணம், மனைவி ஷீலாவும் நடிகை. ரெண்டு பேரும் குடித்தனம் பண்ணது வீட்ல இல்ல, கால்வாய்ல ஓடுற ஒரு ஒடுக்கமான படகுல, எந்த ஊர்ல நாடகம் கிடைக்குதோ அந்தப் பக்கம் படகை ஓட்டிட்டுப் போற மாதிரி வாழ்க்கை. அந்தக் கால்வாய்ப் பாசம் இன்னிக்கு வரைக்கும் அவருகிட்ட போகல, பழைய கால்வாய்களை மீட்டெடுக்கிற அமைப்புகளுக்கு ஆதரவா நிக்கிறாரு.

1973ல ராயல் ஷேக்ஸ்பியர் கம்பெனியில சேர்ந்ததுதான் திருப்பம். இங்கதான் அவருக்குள்ள அந்தக் கேள்வி வந்துச்சு: நான் எதுக்கு நடிகனா இருக்கேன்? கைத்தட்டலுக்கா? வேஷம் போட்டு ஒளிஞ்சுக்கிறதுக்கா? அவரு கண்டுபிடிச்ச பதில், எழுத்தாளருக்கு சேவை செய்யறதுக்கு. நடிகன் இல்லன்னா எழுத்தாளனுக்குக் குரல் இல்ல, அதனால எழுத்தாளன் மனசுல என்ன இருந்துச்சோ அதைத் தேடிக் கண்டுபிடிக்கிறதுதான் நம்ம வேலைன்னு பல பேட்டியிலயும் தன்னோட புத்தகத்துலயும் சொல்லியிருக்காரு. கேக்குறதுக்கு பெரிய வசனம் மாதிரி இருக்கும், ஆனா அவரு இதை நிஜமா கடைப்பிடிச்சாரு.

இதைக் கண்ணால பார்க்கணும்னா இயக்குநர் ஜான் பார்ட்டன் 1980கள் தொடக்கத்துல டிவிக்காக நடத்தின ஷேக்ஸ்பியர் வகுப்புகளைப் பாருங்க. அதுல ஒரு பகுதி முழுக்க ஷைலாக் பாத்திரம் மட்டும், 'மெர்ச்சன்ட் ஆஃப் வெனிஸ்' நாடகத்துல வர்ற யூத வட்டிக்காரர். பேட்ரிக் ஸ்டூவர்ட் ஒரு பக்கம், சூஷே ஒரு பக்கம், ரெண்டு பேரும் பார்ட்டனோட இயக்கத்துலயே ஏற்கெனவே ஷைலாக் பண்ணவங்க. ஒரே காட்சி, ஒரே வரிகள், ஆனா ஸ்டூவர்ட் பண்ணும்போது காசுல குறியா இருக்குற ஒரு தனிமனுஷன் தெரிவாரு, சூஷே பண்ணும்போது ஊரே ஒதுக்கி வெச்ச ஒரு யூதன் தெரிவாரு. வெளியாளா இருக்குறதுன்னா என்னன்னு உடம்புல தெரிஞ்ச ஒருத்தர் பண்ண மாதிரி இருக்கும். இதை ஞாபகத்துல வெச்சுக்கோங்க, ஏன்னா இவரோட பெரிய வேஷங்கள் எல்லாமே கிட்டத்தட்ட வெளியாளுங்கதான். 1980ல அணுகுண்டு விஞ்ஞானி ஓப்பன்ஹைமர் பத்தின பிபிசி தொடர்ல ஹங்கேரிக்கார விஞ்ஞானி எட்வர்ட் டெல்லர், 1984ல உளப்பகுப்பாய்வை உருவாக்கின சிக்மண்ட் ஃப்ராய்ட். எந்த ஊர்க்காரர்னு சட்டுனு சொல்ல முடியாத முகம், குட்டையான கட்டையான உடம்பு, இதை வெச்சுக்கிட்டு ஹீரோ ஆக முடியாதுன்னு அவருக்கு சீக்கிரமே தெரிஞ்சிருந்துச்சு. குணச்சித்திர நடிகராவே இருந்துடுறதுன்னு அவரு எடுத்த முடிவு எனக்கு தோல்வியா தெரியல, அதுதான் அவரோட நீண்ட வாழ்க்கைக்கு முதல் காரணம். அழகை நம்பி வர்ற வாய்ப்பு வயசானா போயிடும், இவருக்கு அந்தப் பிரச்சினையே வரல.

1985ல ஒரு அமெரிக்க டிவி படத்துல பீட்டர் உஸ்தினோவ் புவாரோவா நடிக்க, சூஷேவுக்குக் கிடைச்சது போலீஸ் அதிகாரி ஜாப் வேஷம். அதை தன் வாழ்க்கையிலேயே மோசமான நடிப்புகள்ல ஒண்ணுன்னு அவரே பின்னாடி சொல்லிட்டாரு. ஆனா அந்தப் படப்பிடிப்புல உஸ்தினோவ் அவருகிட்ட, நீ ஒரு நாள் புவாரோ பண்ணலாம், நல்லா வரும்னு சொன்னதா சூஷே சொல்லியிருக்காரு. அதே வருஷம் மேடையில ஷேக்ஸ்பியரோட 'ஒத்தெல்லோ' நாடகத்துல பென் கிங்ஸ்லியோட ஒத்தெல்லோவுக்கு எதிரா வில்லன் இயாகோ, டிவியில ஒரு நகைச்சுவைத் தொடர். தயாரிப்பாளர் பிரையன் ஈஸ்ட்மேன் புவாரோவுக்கு ஆள் தேடினப்ப இவருகிட்ட வந்தாரு. தம்பி அண்ணன்கிட்ட யோசனை கேட்டா, அண்ணன் ஜான் அந்தப் பக்கமே போகாதன்னுட்டாரு. அந்தப் பாத்திரம் ஒரு கோமாளி, நீ ஷேக்ஸ்பியர் பண்ற ஆளு, உனக்கு ஒத்து வராதுன்னு அவரு பயந்தாரு. அன்னிக்கு வரைக்கும் வந்த புவாரோக்களைப் பார்த்திருந்தா யாரா இருந்தாலும் அப்படித்தான் சொல்லியிருப்பாங்க.

சூஷே என்ன பண்ணாருன்னா, படங்களை விட்டுட்டு புத்தகங்களுக்குப் போனாரு. கிறிஸ்டி எழுதின புவாரோ கதைகளை வரிசையா படிச்சு, அந்த மனுஷனைப் பத்தி எங்கெல்லாம் ஒரு தகவல் வருதோ அதை எல்லாம் நம்பர் போட்டு எழுதி வெச்சாரு. மொத்தம் 93 குறிப்பு. முதல் குறிப்பே பெல்ஜியம்காரர், பிரெஞ்சுக்காரர் கிடையாதுங்கிறது. அடுத்தது மூலிகைக் கஷாயம் குடிப்பாரு, டீ அபூர்வம், அதை இங்கிலீஷ்காரன் விஷம்னு சொல்லுவாரு, காபின்னா கருப்புதான். அதுக்கடுத்தது சர்க்கரைக் கட்டி நாலு, சில சமயம் மூணு, ஒண்ணு ரெண்டு தடவை அஞ்சு. அப்புறம் கூர்மையான, இறுக்கமான, பளபளன்னு இருக்குற ஷூ. சர்க்கரை மூணா நாலான்னு கதைக்குக் கதை வித்தியாசம் வர்றதைக் கூட எழுதி வெச்சிருக்காரு பாருங்க, அங்கதான் இந்த மனுஷனோட தொழில் பக்தி எனக்குப் புரிஞ்சுச்சு. அந்த லிஸ்டை படப்பிடிப்புல எப்பவும் பக்கத்துலயே வெச்சிருந்தாரு.

நடைக்கு கிறிஸ்டி எழுதியிருந்தது, வேகமா ஆனா குட்டிக் குட்டி அடியா வைக்கிற நடைன்னு. அதைக் கொண்டு வர லாரன்ஸ் ஒலிவியே சொல்லியிருந்த ஒரு பழைய உத்தியை எடுத்தாரு, பின்பக்கம் ஒரு நாணயத்தை இடுக்கிக்கிட்டு அது விழாம நடக்குறது. முழங்காலுக்கு மேல கால் அகலவே அகலாது, தானா அந்த நடை வந்துடும். குரல் விஷயம் இன்னும் கஷ்டம். சூஷேவோட சொந்தக் குரல் நெஞ்சுலேர்ந்து வர்ற ஆழமான குரல், பேட்டியில கேட்டீங்கன்னா இவரா புவாரோன்னு ஆச்சரியமா இருக்கும். புவாரோ மூளையால வாழுற ஆளு, அதனால குரல் தலையிலேர்ந்து வரணும்னு முடிவு பண்ணி குரலை மேல தூக்கினாரு. பெல்ஜியம்காரங்க பேசுற பிரெஞ்சு எப்படி இருக்கும்னு ரேடியோ ஒலிப்பதிவுகளைக் கேட்டுக் கேட்டுப் பழகினாரு. ஷூட்டிங் நாள்ல கேமரா ஓடலன்னாலும் அந்தப் பேச்சை விடமாட்டாரு.

படப்பிடிப்பு ஆரம்பிக்கிறதுக்கு முன்னாடி கிறிஸ்டியோட மகள் ரோசாலிண்ட் ஹிக்ஸ் அவரை சாப்பிடக் கூப்பிட்டுப் பேசினாங்க. அம்மா 1976லயே போயிட்டாங்க, அம்மாவோட படைப்புகளுக்கு காவல் மாதிரி இருந்தது இவங்கதான். அவங்க சொன்னதோட சாரம், ஜனங்க புவாரோவோட சேர்ந்து சிரிக்கலாம், புவாரோவைப் பார்த்து சிரிக்கக் கூடாது. சூஷே இதை கடைசி வரைக்கும் சட்டமா எடுத்துக்கிட்டாரு.

அதுக்கு முதல் சோதனை முதல் சீசன்லேயே வந்துச்சு. ஒரு காட்சியில புவாரோ வெளியில ஒரு பெஞ்சுல உக்காரணும். சூஷே பாக்கெட்லேர்ந்து கைக்குட்டையை எடுத்து, பெஞ்சைத் தொடச்சு, அதை விரிச்சு அதுமேல உக்காரப் போனாரு. இயக்குநருக்கு இது பிடிக்கல, கேலிக்கூத்தா இருக்கும், வேண்டாம்னுட்டாரு. சூஷே விடல, இந்த மனுஷன் அப்படித்தான் உக்காருவான், கிறிஸ்டி எழுதின புவாரோ தூசி இருக்குற பெஞ்சுல நேரா உக்கார மாட்டான்னு நின்னாரு. சண்டை முத்தி வேலையே நின்னு போச்சு, கடைசியில தயாரிப்பாளர் ஈஸ்ட்மேன் வந்து சூஷே பக்கம் தீர்ப்பு சொன்னாரு. ஒரு கைக்குட்டைக்கு இவ்வளவு தேவையான்னு கேக்கலாம். தேவைதான். அன்னிக்கு விட்டுக் கொடுத்திருந்தா அடுத்தடுத்த இயக்குநர்கள் ஒவ்வொருத்தரும் ஒவ்வொரு துணுக்கா மாத்தியிருப்பாங்க, பத்து வருஷத்துல வேற ஆளா ஆயிருக்கும். 70 எபிசோடுல எத்தனையோ இயக்குநர், எத்தனையோ திரைக்கதை ஆசிரியர் வந்து போனாங்க, மாறாம இருந்த காவல் இவர் ஒருத்தர்தான்.

சரி, பாத்திரத்தைக் காப்பாத்தினாரு, தன்னை எப்படிக் காப்பாத்திக்கிட்டாரு? இங்க வெளியில தெரியாத ஒரு விஷயம் இருக்கு. 25 வருஷம்னு சொல்றப்ப நமக்கு ஏதோ அரசு வேலை மாதிரி தொடர்ச்சியா ஓடினதா தோணும். உண்மையில ஒவ்வொரு சீசன் முடியும்போதும் அடுத்தது வருமா வராதான்னு அவருக்குத் தெரியாது. அந்த நிச்சயமில்லாத இடைவெளியை பயத்தோட வீட்ல உக்காந்து கழிக்காம மேடைக்குப் போனாரு, அதுவும் புவாரோவுக்கு நேர் எதிரான ஆளுங்களா பார்த்து. 1993ல ராயல் கோர்ட் தியேட்டர்ல ஹெரால்ட் பின்டர் இயக்கத்துல 'ஒலியானா', மாணவியோட புகார்ல வாழ்க்கை நொறுங்கிப் போற பேராசிரியர். 1996ல டயானா ரிக்கோட சேர்ந்து எட்வர்ட் ஆல்பியோட நாடகத்துல, பொண்டாட்டியோட வார்த்தையாலயே அடிச்சுக்கிற புருஷன். மீசை ஒட்டி ஒழுங்கா நடக்குற அந்த மனுஷன் இதுல எங்கயும் எட்டிக் கூட பார்க்க மாட்டாரு.

1997ல ஒரு எபிசோடு வந்ததுக்கப்புறம் தொடர் நின்னே போச்சு. 2000 ஜனவரி வரைக்கும் புவாரோ கிடையாது. அந்த நேரத்துல அவரு எடுத்தது 'அமடேயஸ்' நாடகத்துல சாலியேரி, மோட்சார்ட்டா மைக்கேல் ஷீன், இயக்கம் பீட்டர் ஹால். லண்டன் ஓல்ட் விக்ல 1998ல ஆரம்பிச்சு 1999 கடைசியில பிராட்வே வரைக்கும் போய் டோனி விருதுக்குப் பரிந்துரையும் ஆச்சு. தொடர் நின்னது அவருக்கு நல்லதாத்தான் முடிஞ்சுச்சுன்னு நான் சொல்லுவேன். புவாரோ திரும்ப வந்தப்ப, இது இல்லன்னாலும் எனக்கு வேலை உண்டுன்னு தெரிஞ்ச ஒரு நடிகர்தான் திரும்ப வந்தாரு.

2003லேர்ந்து தயாரிப்புக் குழு மாறுச்சு, தொனியும் மாறுச்சு. நண்பர் ஹேஸ்டிங்ஸ், போலீஸ் ஜாப், செக்ரட்டரி மிஸ் லெமன்னு அந்த ஜாலியான கூட்டம் காணாம போயி, புவாரோ தனியா நிக்கிற கதைகளா வந்துச்சு. பழைய எபிசோடுகளோட வெளிச்சமும் சிரிப்பும் எனக்கு ரொம்பப் பிடிக்கும், ஆனா நடிப்புன்னு பார்த்தா சூஷேவோட உச்சம் இந்த ரெண்டாவது பாதியிலதான். 'ஃபைவ் லிட்டில் பிக்ஸ்' பாருங்க, பதினாலு வருஷத்துக்கும் மேல பழகின ஒரு பாத்திரத்துல புதுசா ஒரு சோகம் எங்கேர்ந்து வந்துச்சுன்னு தெரியாது. 2010 கிறிஸ்துமஸ் அன்னிக்கு வந்த ஓரியன்ட் எக்ஸ்பிரஸ் கதையில, கடைசியில பனியில நடந்து வர்ற புவாரோ கையில ஜெபமாலை, கண்ணுல தண்ணி. சட்டத்தையே நம்பி வாழ்ந்த ஒரு கத்தோலிக்கன் சட்டத்தை விட்டுக் கொடுக்கிற வலி அது. சூஷே 1986ல ஒரு ஹோட்டல் ரூம்ல பைபிளை எடுத்து, பவுல் ரோமருக்கு எழுதின நிருபத்தைப் படிச்சு கிறிஸ்தவரானவரு, அந்தக் காட்சி அவருக்கு எவ்வளவு கிட்டத்துல இருந்திருக்கும்னு யோசிச்சுப் பாருங்க. எல்லா எபிசோடும் நல்லா இருந்துச்சுன்னு சொல்ல மாட்டேன், 'அப்பாயின்ட்மென்ட் வித் டெத்' கதையை அவங்க மாத்தின விதம் கிறிஸ்டிக்குப் பண்ண அநியாயம். அதுலயும் நடுவுல நிக்கிற மனுஷன் மட்டும் மாறல.

சினிமா பக்கம் அவருக்குப் பெருசா கிடைக்கல, அதை ஒளிக்க வேண்டியதில்ல. 1996ல 'எக்ஸிக்யூட்டிவ் டிசிஷன்' படத்துல விமானம் கடத்துற தீவிரவாதி, 1998ல 'எ பெர்ஃபெக்ட் மர்டர்'ல போலீஸ், 2008ல 'த பேங்க் ஜாப்'ல ஆபாசப் படத் தொழில் பண்ற தாதா. ஹாலிவுட்டுக்கு அந்த முகம் ஒரு வெளிநாட்டு முகம், அவ்வளவுதான். ஃப்ராய்டும் ஷைலாக்கும் பண்ண ஒருத்தர்கிட்ட துப்பாக்கியைக் கொடுத்து கத்தச் சொன்னது எனக்கு இன்னிக்கும் ஆதங்கம்.

அதே வெளியாள் முகத்தை டிவிக்காரங்க எப்படி உபயோகிச்சாங்கன்னு பாருங்க. 2001ல பிபிசி எடுத்த ட்ரோலப் நாவல் 'த வே வி லிவ் நவ்'ல மெல்மாட், எங்கேர்ந்தோ லண்டனுக்கு வந்து பணத்தைக் காட்டி மேல்தட்டையே மண்டி போட வைக்கிற மோசடி முதலாளி. பெருத்த உடம்பு, உறுமுற குரல், ஒவ்வொரு சீன்லயும் ரூமோட காத்தையே இழுத்துக்கிற மாதிரி ஒரு நடிப்பு. பாஃப்டா விருதுக்குப் பரிந்துரையாச்சு. 2007ல நிஜ மெல்மாட்டே கிடைச்சாரு: பத்திரிகை முதலாளி ராபர்ட் மேக்ஸ்வெல். செக்கோஸ்லோவாக்கியாவுல ஏழை யூதக் குடும்பத்துல பிறந்து, பிரிட்டன்ல டெய்லி மிரர் வரைக்கும் பிடிச்சு, 1991ல படகுலேர்ந்து கடல்ல விழுந்து செத்தப்புறம்தான் தொழிலாளிங்க பென்ஷன் பணத்துல கை வெச்சது வெளிய வந்துச்சு. அந்த மனுஷனோட மிரட்டலை மட்டும் காட்டியிருந்தா சுலபமா போயிருக்கும், சூஷே மிரட்டலுக்குள்ள இருந்த பயத்தையும் சேர்த்துக் காட்டினாரு. 2008ல சர்வதேச எம்மி விருது கிடைச்சுச்சு. புவாரோ ஓடிக்கிட்டு இருக்கும்போதே இது நடந்துச்சுங்கிறது முக்கியம்.

கடைசி சீசன் எடுத்த விதம் இந்தக் கேஸ்ல எனக்கு ரொம்பப் பிடிச்ச பகுதி. புவாரோ சாகுற கதை 'கர்ட்டன்', ஒளிபரப்புல அதுதான் கடைசி. ஆனா அதை முதல்லயே, 2012 கடைசியில எடுத்து முடிச்சுட்டாங்க. அந்தக் கதைக்காக சூஷே எடை குறைச்சாரு, இத்தனை வருஷமா துணிக்குள்ள கட்டின பஞ்சு வயிறு கிடையாது, வீல்சேர்ல ஒடுங்கிப் போன ஒரு கிழவன். அதை முடிச்சுட்டு திரும்பவும் பஞ்சு கட்டி, மீசை ஒட்டி, மீதி நாலு கதையையும் எடுத்தாங்க. கடைசி நாள் ஷூட்டிங் 2013 ஜூன், 'டெட் மேன்ஸ் ஃபாலி' கதைக்காக, டெவன்ல டார்ட் ஆத்தங்கரையில கிறிஸ்டியோட சொந்த வீடான கிரீன்வேயில. அந்தக் கதையை எழுதும்போது கிறிஸ்டி மனசுல இருந்த வீடும் அதுதான். சாவை முதல்ல முடிச்சுட்டு, உயிரோட நல்லா நடமாடுற புவாரோவா, எழுதின அம்மாவோட வாசல்ல போய் விடைபெறணும்ங்கிற ஏற்பாட்டுல அவரோட மொத்த தொழில் கொள்கையும் இருக்கு.

அதுக்கப்புறம் ஓய்வுன்னு எதுவும் எடுக்கல. புவாரோ வேலைகளுக்கு நடுவுலயே ரெண்டு வருஷமா முழு பைபிளையும் தனி ஆளா வாசிச்சுப் பதிவு பண்ணிக்கிட்டு இருந்தாரு, 2014ல வந்த அந்த ஒலிப்புத்தகம் 80 மணி நேரத்துக்கு மேல ஓடும். 2015ல ஆஸ்கர் வைல்ட் நாடகத்துல லேடி பிராக்னெல், பொம்பளை வேஷம், 69 வயசுல. 2018ல ஆர்தர் மில்லரோட 'த பிரைஸ்'ல 89 வயசு யூத பழைய சாமான் வியாபாரி கிரிகரி சாலமன், திரும்பவும் ஒரு வெளியாள், இந்தத் தடவை சிரிக்க வைக்கிற வெளியாள். 2020ல சர் பட்டம் அறிவிச்சாங்க.

இவரோட வேலையை இதுவரைக்கும் பார்க்காதவங்க முதல் சீசன்லேர்ந்து வரிசையா பார்க்க வேண்டிய அவசியம் இல்ல. 'ஃபைவ் லிட்டில் பிக்ஸ்' ஒண்ணு பாருங்க, மறுநாளே 'மேக்ஸ்வெல்' பாருங்க. ரெண்டுக்கும் நடுவுல நாலு வருஷம்தான் வித்தியாசம். ரெண்டுலயும் கைகளை மட்டும் கவனிங்க, ஒருத்தர் விரல் நுனியால உலகத்தைத் தொடுவாரு, இன்னொருத்தர் முழு உள்ளங்கையால அள்ளுவாரு.